அய்யாவுவின் சொந்தக் குரல்

லிங்கராஜபுரத்தில் ஆம்ப்ரோஸ் வீடு எது என்று விசாரித்தால், "கேசட்டுக்காரர் வீடா?" என்று திருப்பிக் கேட்பார்கள். அவர் கேசட் விற்றவரும் இல்லை, வாடகைக்கு விட்டவரும் இல்லை. பொம்மசந்திராவில் ஒரு தொழிற்சாலையில் லேத் ஓட்டியவர். விடியும்போது கம்பெனி பஸ் ஏறிப் போய், விளக்கு வைக்கும் நேரத்தில் எண்ணெய்ப் பிசுக்கு ஏறிய விரல்களோடு திரும்புகிறவர். ஆனாலும் அந்தப் பெயர் அவருக்கு ஒட்டிக்கொண்டது. அவர் வீட்டு முன்னறையில் பாதியை அடைத்துக்கொண்டு நின்ற இரும்பு அலமாரிதான் காரணம்.

அதற்குள் நகை இல்லை, பட்டுப் புடவை இல்லை. ஒரு நடிகனின் வாழ்க்கை இருந்தது. சுதன்வா என்ற பெயரில் கன்னடத் தொலைக்காட்சித் தொடர்களில் கொஞ்ச காலம் வந்து, ஊரெல்லாம் முகம் தெரிந்தவனாகி, முப்பது வயதைத் தொடாமலே கண்ணை மூடிவிட்டவன் அவன். அவன் வந்த ஒவ்வொரு காட்சியும் அங்கே வீடியோ கேசட்டில் இருந்தது. பத்திரிகைகளிலிருந்து வெட்டியெடுத்த படங்கள் இருந்தன. வக்கீல் வேடத்துக்கு அவன் போட்ட கறுப்புக் கோட்டும், ஒரு ஒட்டு மீசையும்கூட இருந்தன. மழைக்காலத்தில் பூஞ்சை பிடிக்காமலிருக்க ஆம்ப்ரோஸ் கேசட்டுகளை எடுத்துக் காற்றாட வைப்பார். நாடா ஒன்றோடொன்று ஒட்டிவிடாமலிருக்க முன்னும் பின்னும் ஓடவிட்டுச் சுற்றி வைப்பார். பெற்ற பிள்ளையை எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டுகிறவர்கள்கூட அத்தனை பதமாகச் செய்யமாட்டார்கள். அந்த வீட்டில் குளிப்பாட்டப் பிள்ளையும் இல்லை.

"எம் புருசனுக்கு நான் ரெண்டாந்தாரம்" என்பாள் பிரிஜெட், வீட்டுக்கு வருகிறவர்களிடம் அலமாரியைக் காட்டி. "மூத்தவ அதோ நிக்குறா பாருங்க, பவுடர் போட்டுகினு."

சுதன்வாவின் உண்மைப் பெயர் அய்யாவு. அவனும், ஆம்ப்ரோஸும், பிரிஜெட்டும் கோலார் தங்கவயலில் ஒரே லைனில் பிறந்தவர்கள். சுரங்கத் தொழிலாளிகளுக்காகச் சுவரோடு சுவர் ஒட்டிக் கட்டிய சின்னச் சின்ன வீடுகளின் வரிசையை அங்கே லைன் என்பார்கள். அந்த லைனில் பிறந்தவன் பூமிக்கு அடியில் இறங்குவான், இருமிக்கொண்டு மேலே வருவான், செத்தால் பக்கத்து லைனுக்குச் சேதி போகும். அதைத் தாண்டி ஒருவர் பெயரும் வெளியே போனதில்லை. அய்யாவு முகம் ஒன்றுதான் போனது. ஆம்ப்ரோஸின் பைத்தியத்துக்கு வேர் அங்கேதான் இருந்தது.

பெங்களூருக்கு வந்த புதிதில் அய்யாவு ஆம்ப்ரோஸ் வீட்டு முன்னறையில்தான் படுத்துக்கிடந்தான். மல்லேஸ்வரத்தில் ஒரு நாடகக் குழுவின் பின்னால் அலைந்து, எப்படியோ ஒரு தொடரில் நாயகனின் தம்பியாக இடம் பிடித்துவிட்டான். முதல் பகுதி ஒளிபரப்பான மாலையில் வீடு நிறைய ஆட்கள். அய்யாவு நடுவில் புதுச் சட்டையில் உட்கார்ந்திருந்தான். திரையில் அவன் முகம் வந்தது. எல்லோரும் கை தட்டினார்கள். அவன் வாயைத் திறந்தான்.

வந்தது வேறு யாருடைய குரலோ.

கன்னம் அதிரும் கனத்த குரல். சுத்தமான கன்னடம். படப்பிடிப்பில் அய்யாவுதான் பேசினான். பாட்டுபோலப் பாடம் செய்து பேசினான். ஆனால் அந்தக் கன்னடத்துக்குள் தங்கவயல் தமிழ் எட்டிப்பார்த்தது என்று, அவனிடம் ஒரு வார்த்தை சொல்லாமல், ஒரு மேடை நடிகரை வைத்துப் பேசவைத்துவிட்டார்கள். முகம் போதும், பேச்சு வேண்டாம் என்று முடிவெடுத்திருந்தார்கள்.

தட்டிய கைகள் நின்றுவிட்டன. அய்யாவு திரும்பி ஆம்ப்ரோஸைப் பார்த்துச் சிரித்தான். சிரித்த கண்ணில் தண்ணீர் நின்றது.

"அண்ணே, யார்ணே அந்த ஆளு? நல்லா பேசுறான்ல?"

அன்றிலிருந்து பிரிஜெட் அந்தத் தொடர் பக்கம் திரும்பவில்லை. "அவன் வாய்ல எவனோ பூந்துகினு பேசுறான். பேய் புடிச்சாப்ல கீது. எனக்கு வாணாம்" என்று அடுப்படிக்குப் போய்விடுவாள். பின்னால் வந்த தொடர்களிலும் அதே குரல்தான். முகத்துக்கு அந்தக் குரலும், குரலுக்கு அந்த முகமும் என்று ஊர் முடிச்சுப் போட்டுவிட்டது. அய்யாவும் பேசாமல் இருந்துவிட்டான். அவன் மனைவி தனக்கோடி கர்ப்பமாக இருந்தாள். கிடைத்த வேலையை உதறுகிற வசதி அவனுக்கு இல்லை.

அவன் சொந்தக் குரலில் பேசியது ஒரே ஒரு முறை. தொண்ணூற்றொன்றில் பொங்கலுக்கு லைன் மைதானத்தில் நாடகம் போட்டார்கள். டிவியில் வருகிற அய்யாவு வந்து நடிக்கிறான் என்று தங்கவயலே திரண்டது. தகர ஷெட்டின் கீழ் நின்று, தன் தொண்டையில், தன் தமிழில், அவன் பேசினான். சனம் அழுதது, விசில் அடித்தது. ஆம்ப்ரோஸ் உள்ளூர் வீடியோக்காரரைப் பிடித்து அதை முழுதாகக் கேசட் எடுத்துக்கொண்டார். மேலே தமிழில் சீட்டு ஒட்டினார். யாரும் அழித்துப் பதிவு செய்யக் கூடாதென்று கேசட்டின் முதுகில் இருக்கும் சின்ன பிளாஸ்டிக் துண்டையும் உடைத்துவிட்டார். ஒரே ஒரு தடவை போட்டுப் பார்த்தார். போடப் போட நாடா தேயும் என்பதால் பிறகு அதைத் தொடவில்லை. சீரியல் கேசட்டுகள்தான் அன்றாடம் ஓடின. இது தங்கம்போல உள்ளே இருந்தது.

அந்த வருடம் டிசம்பரில் பெங்களூருக்குப் போதாத காலம் வந்தது. காவேரித் தண்ணீருக்காக ஊர் பற்றி எரிந்தது. தமிழ் எழுத்து தெரிந்த கடையும் வீடும் கல்லடி பட்ட நாட்கள். பஸ் நின்றுபோனதால் ஆம்ப்ரோஸ் பொம்மசந்திராவில் தொழிற்சாலைக்குள்ளேயே மாட்டிக்கொண்டார். பிரிஜெட் தனியாக இருந்தாள். தெருமுனையில் கூச்சல் கேட்டதும் தமிழ்க் காலண்டரைக் கழற்றிக் கட்டிலுக்கு அடியில் போட்டாள். பிறகு அலமாரியைத் திறந்து பார்த்தாள். அடுக்கடுக்காகத் தமிழ் எழுத்து! வாளியில் தண்ணீர் வைத்துக்கொண்டு, துணியை நனைத்து நனைத்து ஒவ்வொரு சீட்டாக உரித்தெடுத்தாள். நகம் பெயர்ந்து ரத்தம் வந்தது. அப்போதும் பயம் தீரவில்லை.

பக்கத்து வீட்டு மமதா கன்னடக்காரி. மாசமாக இருந்தவள், வயிற்றைப் பிடித்துக்கொண்டு பின்வாசல் வழியாக வந்தாள்.

"அக்கா, எல்லா நம் மனெகெ கொடி. நானு இதீனி. யாரு வர்றாங்க, நான் பாத்துக்கறேன்."

எல்லாவற்றையும் எங்கள் வீட்டில் கொடுங்கள், நான் இருக்கிறேன் என்றாள். சொன்னபடியே செய்தாள். கேசட்டுகளை மூட்டையாகக் கட்டித் தன் வீட்டுப் பரணில் ஏற்றினாள். கூட்டம் அந்தத் தெருவுக்குள் நுழைந்தபோது பிரிஜெட்டையும் உள்ளே வைத்துப் பூட்டிவிட்டு, தான் வாசலில் நின்றுகொண்டாள். அவள் கணவன் நாகேஷ் பக்கத்தில் நின்றான். வந்தவர்கள் அவர்களோடு கன்னடத்தில் பேசிவிட்டுப் போய்விட்டார்கள்.

ஊர் அடங்கியும் மூட்டை கொஞ்ச நாள் அங்கேயே இருந்தது. "நல்லா அடங்கட்டும், அப்புறம் எடுத்துக்கலாம்" என்று ஆம்ப்ரோஸ்தான் சொன்னார். அதற்குள் மமதாவுக்குப் பெண் குழந்தை பிறந்தது. பெயர் சூட்டும் விழா வந்தது. வீடியோக்காரர் கேசட் கேட்டார். நாகேஷ் பரணில் கை விட்டான். சீட்டு இல்லாத ஒரு கேசட் வந்தது. எழுத்தில்லாத கேசட் என்றால் வெறும் கேசட்தானே! உடைந்த இடத்தை மூடினால் மறுபடி பதியலாம் என்று தெரிந்த வீடியோக்காரர் அதன் முதுகில் ஒரு துண்டு செல்லோடேப் ஒட்டி, கேமராவுக்குள் தள்ளிவிட்டார்.

தெருவில் வி.சி.ஆர். இருந்தது ஆம்ப்ரோஸ் வீட்டில்தான். ஆகவே மமதா குழந்தையைத் தூக்கிக்கொண்டு, தட்டு நிறைய லட்டுவோடு, அந்தக் கேசட்டையும் எடுத்துக்கொண்டு வந்தாள்.

"அண்ணா, நம்ம ரக்ஷிதா பேர் வெச்சது. எல்லாரும் சேர்ந்து பாக்கலாம்!"

கேசட்டைக் கையில் வாங்கியதுமே ஆம்ப்ரோஸுக்குத் தெரிந்துவிட்டது. மூலையில் ஒரு கீறல். அது அவர் நகம் பட்ட கீறல். வாயில் லட்டு இருந்தது. தொட்டில் ஆடியது, பெண்கள் பாடினார்கள், மமதா வெட்கப்பட்டுச் சிரித்தாள். எல்லோரும் கைதட்டினார்கள். ஆம்ப்ரோஸும் தட்டினார். அவர்கள் போனபிறகு மீதி நாடாவைக் கடைசிவரை ஓட்டிப் பார்த்தார். தொட்டிலும், பந்தியும், வெற்றிலைத் தட்டும். அய்யாவு எங்கேயும் இல்லை.

"மமதாகிட்ட சொல்லிடாதீங்க" என்றாள் பிரிஜெட். "அது நமக்காக வாசல்ல நின்ன பொண்ணு."

அவர் சொல்லவில்லை. பிரிஜெட்டையும் ஒரு சொல் கடிந்துகொள்ளவில்லை. கோபித்துக்கொள்ள ஒரு ஆளாவது கிடைத்திருந்தால் அந்தத் துக்கம் ஆறியிருக்கும். எல்லோரும் நல்லவர்களாகவே இருந்து தொலைத்தார்கள்!

அடுத்த வருடம் அய்யாவுக்கு மஞ்சள் காமாலை கண்டது. படப்பிடிப்பு, படப்பிடிப்பு என்று உடம்பைக் கவனிக்காமல் விட்டுவிட்டான். ஆஸ்பத்திரிக் கட்டிலில் சருகாகக் கிடந்தவன், ஆம்ப்ரோஸின் கையைப் பிடித்துக் கேட்டான்.

"அண்ணே, அந்தப் பொங்கல் கேசட்டு பத்திரமா கீதா? எம் பொண்ணு பெருசானா போட்டுக் காட்டு. மத்ததுல எல்லாம் வேற ஆளு."

"கீதுடா. நான் இருக்கேன்ல."

அந்த ஒரு பொய்யோடுதான் அய்யாவு கண்ணை மூடினான். தனக்கோடி கைக்குழந்தையை எடுத்துக்கொண்டு குடியாத்தத்தில் தாய்வீட்டுக்குப் போய்விட்டாள். சேனல்கள் பெருகின, புதுப்புது முகங்கள் வந்தன. சுதன்வாவை ஊர் மறந்தது. தொலைக்காட்சி நிலையத்தில் பழைய நாடாக்கள் ஒன்றும் மிஞ்சவில்லை என்று பேச்சு. ஆம்ப்ரோஸ் மட்டும் அலமாரியைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

இரண்டாயிரத்து எட்டில், ஒரு ஞாயிற்றுக்கிழமை கோயில் பூசை முடிந்து வந்து பிரிஜெட் கறி நறுக்கிக்கொண்டிருந்தபோது வாசலில் ஒரு பெண் வந்து நின்றாள். கத்தி அப்படியே நின்றது. அதே நெற்றி, அதே புருவம். அய்யாவு பாவாடை தாவணியில் வந்து நின்றதுபோல இருந்தது, அவள் சுடிதார் போட்டிருந்தாலும்.

"நான் மலருங்க. அய்யாவு பொண்ணு. இங்க நர்சிங் சேந்திருக்கேன். அம்மா போன வருசம் செத்துப் போச்சு. போறதுக்கு முன்னாடி உங்க பேரு சொல்லிச்சு." அவள் அலமாரியைப் பார்த்துக்கொண்டே பேசினாள். "எங்கப்பா பேசி நான் கேட்டதே இல்ல. கேக்கணும்."

ஆம்ப்ரோஸுக்கு நெஞ்சில் யாரோ உளி வைத்ததுபோல இருந்தது. தண்ணீர் கொண்டுவருகிறேன் என்று அடுப்படிக்குள் போனார். பிரிஜெட் பின்னாலேயே போனாள்.

"சொல்லிடட்டுமா?"

"இன்னா சொல்லப் போறீங்க? ஆயும் அப்பனும் இல்லாத பொண்ணு பஸ் ஏறி வந்துகீது. மொதல்ல சோறு துன்னட்டும்."

"அவன்கிட்ட ஒரு பொய் சொன்னேன். அவன் பொண்ணுகிட்டயும் சொல்லணுமா?"

பிரிஜெட் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு நறுக்கிய கறியைச் சட்டியில் போட்டாள்.

அவர் வக்கீல் வேடக் கேசட்டைப் போட்டார். திரையில் அய்யாவு கோர்ட்டுப் படி ஏறி வந்தான். வாயைத் திறந்தான். அந்தக் கனத்த குரல் அறையை நிறைத்தது. மலர் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டாள். அவளுக்குக் கன்னடம் புரியவில்லை. புரியத் தேவையும் இல்லை. கண்ணை மூடிக்கொண்டு, மழையில் நனைகிறவள்போல அந்தக் குரலில் நனைந்தாள்.

"இவ்ளோ கம்பீரமா பெரியப்பா? அம்மா சொல்லவே இல்லியே!"

பெரியப்பா! அந்த ஒரு சொல் போதும், ஆம்ப்ரோஸின் நாக்கைக் கட்டிப்போட. அந்த வீட்டுக்குள் அவரை அப்படி யாரும் அழைத்ததில்லை.

அதன்பின் ஒவ்வொரு ஞாயிறும் அவள் வந்தாள். பிரிஜெட்டுக்குப் பூண்டு உரித்துக் கொடுத்தாள். ஆம்ப்ரோஸோடு தரையில் உட்கார்ந்து கேசட்டுகளைத் துடைத்தாள். தன் செல்போனில் அந்தக் குரலைப் பதிந்துகொண்டு, ஹாஸ்டலில் காதில் வைத்துக்கொண்டே தூங்குவதாகச் சொன்னாள். "நர்ஸம்மா தூங்குறதுக்கு அப்பா வக்கீலு வாதாடணுமாக்கும்" என்று பிரிஜெட் கேலி செய்வாள். பேச்சுக்குப் பேச்சு சிரிப்பு. அந்தச் சிரிப்புக்கு நடுவே ஆம்ப்ரோஸ் மட்டும் முள்ளை விழுங்கியவர்போல இருந்தார். இந்த ஞாயிறு சொல்லிவிடுவோம் என்று நினைப்பார். அவள் வாசலில் செருப்பைக் கழற்றும் சத்தம் கேட்டதும் அடுத்த ஞாயிறு என்று ஆகிவிடும்.

தசராவுக்குக் கொஞ்சம் முன்னால், ஞாயிறல்லாத ஒரு மாலையில் அவள் ஓடிவந்தாள். தலை கலைந்திருந்தது. பையைக்கூடக் கீழே வைக்கவில்லை. ஆம்ப்ரோஸ் அப்போதுதான் வேலையிலிருந்து வந்து கை கழுவிக்கொண்டிருந்தார்.

"பெரியப்பா, உண்மையச் சொல்லுங்க. எங்கப்பா உயிரோட இருக்காரா?"

"இன்னா கண்ணு சொல்றே?"

"பஸ்ல டிரைவரு ரேடியோ வெச்சிருந்தாரு. ஒரு புடவைக் கடை வெளம்பரம். ஹப்பக்கெ ஹொச சீரெ, பண்டிகைக்குப் புதுப் புடவைன்னு. அது எங்கப்பா குரலு! எனக்குத் தெரியாதா? தினம் கேக்குறேனே! ஏன் எங்கள விட்டுட்டுப் போனாரு? எங்கம்மாவ ஏன் தாலிய அறுக்க வெச்சாரு? எங்க இருக்காரு சொல்லுங்க, போய்ப் பாக்கணும்!"

அவள் முகத்தில் கோபமும் அழுகையும் இருந்தன. இரண்டுக்கும் அடியில், ஐயோ, ஒரு நம்பிக்கை எட்டிப்பார்த்தது. தகப்பன் எங்கோ இருக்கிறான் என்ற நம்பிக்கை. அதை அணைக்க வேண்டிய கை தன்னுடையது என்று ஆம்ப்ரோஸுக்குப் புரிந்தது.

ஈரக் கையோடு அவளை உட்காரவைத்தார். எல்லாவற்றையும் சொன்னார். முதல் நாள் கை தட்டியது, குரல் மாறி வந்தது, பொங்கல் நாடகம், உரித்த சீட்டு, பரண், தொட்டில். ஆஸ்பத்திரியில் சொன்ன பொய்யையும் சொன்னார். அந்தக் குரலுக்கு உரியவர் எங்கேயோ நன்றாகத்தான் இருக்கிறார், அய்யாவுதான் இல்லை என்று முடித்தார்.

மலர் செல்போனைக் கையில் எடுத்தாள். பிறகு அதைத் திருப்பிக் குப்புற வைத்தாள்.

"யாரோ ஒருத்தர் குரல வெச்சுகினா தூங்கிகினு இருந்தேன்?"

ஆம்ப்ரோஸ் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டார். அவள் எழுந்து போய்விடுவாள், இனி ஞாயிறு இல்லை என்று நினைத்தார். ஆனால் அவள் போகவில்லை. அவர் முன்னால் வந்து முட்டி போட்டு உட்கார்ந்தாள்.

"சரி, கேசட்டு போச்சு. நீங்க இருக்கீங்களே பெரியப்பா. உங்க கூடவேதான அப்பா இருந்தாரு. எப்படிப் பேசுவாரு? நீங்க பேசிக் காட்டுங்க. ஒரே ஒரு வார்த்த."

ஆம்ப்ரோஸ் நிமிர்ந்தார். ஆமாம், தான் இருக்கிறோமே! கண்ணை மூடிக்கொண்டார். அய்யாவு வந்தான். பொங்கல் மேடையில் நின்றான். வேட்டி தெரிந்தது, நெற்றி வியர்வை தெரிந்தது, உதடு பிரிவது தெரிந்தது.

கேட்டது அந்தக் கனத்த குரல்.

அவர் தலையை உலுக்கிக்கொண்டார். வேறு நாளைத் தேடினார். முன்னறையில் பாய் விரித்துக்கொண்டு அய்யாவு "அண்ணே" என்று கூப்பிட்ட நாள். கூப்பிட்டான். அதிலும் அதே குரல். ஆஸ்பத்திரிக் கட்டில். சருகு உதடு. அங்கேயும் வக்கீல் பேசினான். தினம் தினம் போட்டுப் பார்த்து, துடைத்து, மறுபடி போட்டுப் பார்த்து, அவர் தன் கையாலேயே தன் நெஞ்சுக்குள் இருந்த அய்யாவுவின் மேல் இன்னொருவனைப் பதிந்து வைத்திருந்தார். நாகேஷ் பரணில் கைவிட்டது ஒரு நாள். இவர் கைவிட்டது பதினாறு வருடம்.

"இல்ல கண்ணு" என்றார். "என்கிட்ட இல்ல. போயிடுச்சு."

லேத்தில் விரல் நசுங்கியபோதுகூட அழாத மனிதர், குழந்தைபோல ஏங்கி ஏங்கி அழுதார். மலர் என்ன செய்வதென்று தெரியாமல் அவர் முழங்காலைப் பிடித்துக்கொண்டாள்.

"அம்மாங் கனமா பேசுற குரலு இல்ல அவனுது."

அடுப்படி வாசலில் பிரிஜெட் நின்றுகொண்டிருந்தாள். கழுவிக்கொண்டிருந்த பாத்திரம் கையிலேயே இருந்தது.

"ஒல்லிக் குரலு. காத்து கொஞ்சம் மூக்கால போவும். வேக வேகமா பேசுவான், கடைசி எழுத்த முழுங்கிடுவான். எதுனா கேக்கணும்னா மட்டும் இழுப்பான்." அவள் எங்கோ பார்த்தாள். "லைன்ல ஒரே தண்ணிக் கொழா. அவங்கம்மா இவன அனுப்பிடும். பொண்ணுங்க வரிசையில வந்து நிப்பான், வெக்கமே இருக்காது."

பாத்திரத்தைக் கீழே வைத்தாள். கழுத்தை ஒரு பக்கம் சாய்த்தாள். அவளிடமிருந்து, மெலிசாக, ஓட்டமும் கெஞ்சலுமாக ஒரு பையனின் குரல் வந்தது.

"ஏ பிரிஜெட்டு, ஒங் கொடத்த கொஞ்சம் நவுத்துமா... எங்கம்மா ஒல வெச்சிட்டு நிக்குது, அடிக்கும்மா..."

மலர் எழுந்துவிட்டாள். நடந்தாளா ஓடினாளா தெரியாது, பிரிஜெட்டின் தோளில் முகத்தை வைத்துக்கொண்டாள்.

"இன்னொரு தடவ பெரியம்மா."

பிரிஜெட் அவள் முதுகைத் தடவிக்கொண்டே மறுபடி சொன்னாள். அதே இழுப்பு, அதே விழுங்கல். அந்தக் கேசட்டுகளை ஒரு நாளும் போட்டுப் பார்க்காத பெண்பிள்ளை, ஒரு கீறல் இல்லாமல் அவனை வைத்திருந்தாள்.

தரையில் உட்கார்ந்திருந்த ஆம்ப்ரோஸ் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார். எங்கேயாவது ஒரு நரம்பு அசையுமா என்று கேட்டார். ஒன்றும் அசையவில்லை. அந்தப் பையனை அவர் இதற்குமுன் சந்தித்ததே இல்லை போலிருந்தது.

இரு கையையும் தரையில் ஊன்றி, அவர்கள் இருந்த பக்கமாக நகர்ந்து வந்தார்.

"எனக்கும் பிரிஜெட்டு" என்றார். "இன்னொரு தடவ சொல்லு. மெதுவா."